சத்தத்தில் ஏறிய பல்லக்கு

வேலாங்குறிச்சி ஜமீன்தாருக்கு அதிசயப் பல்லக்கு ஒன்று வந்தது. சத்தம் கூடினால் மேலே ஏறும், சத்தம் அடங்கினால் இறங்கும். பல்லக்குத் தூக்கும் சுடலைக்கண்ணு, தன் தோளுக்கு விடுதலை என்று கையெடுத்துக் கும்பிட்டான்.

ஜமீன்தார் ஏறி உட்கார்ந்தார். மேளம் முழங்க, ஊரே "வாழ்க" போட்டது. பனை உயரம் போனதும் அவர் கீழே பார்த்து அலறினார்.

"இறக்குங்கடா! இல்லாட்டி ஒருத்தன் தலையும் தப்பாது!"

மேளம் நின்றது. ஊர் வாயைப் பொத்திக்கொண்டது. ஆனால் அவர் அலற அலறப் பல்லக்கு இன்னும் மேலே போனது. எசமானைப் பார்த்து வாயை மூடச் சொல்ல யாருக்குத் துணிச்சல் வரும்?

அவர் மூச்சு வாங்கிய நேரம் பார்த்து, சுடலைக்கண்ணு துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு பணிவாகக் கேட்டான்: "எசமான், பஞ்சத்துக்குன்னு எங்ககிட்ட வாங்கி வச்ச நெல்லு எங்கே?"

ஜமீன்தார் கப்பென்று வாயை மூடிக்கொண்டார். பல்லக்கு பூப்போல இறங்கியது.

"உசிரைக் காப்பாத்திட்டேடா! என்ன வேணும், கேளு!" என்று அவன் கையைப் பிடித்துக்கொண்டார்.

"கேட்டுட்டேனே, எசமான்."

அன்றே களஞ்சியம் திறந்தது. வீட்டுக்கு வீடு சோறு பொங்கியது. நன்றி சொல்ல ஊரே அரண்மனை வாசலுக்கு வந்தது. வாசலில் நின்ற பல்லக்கின் மேல் சாய்ந்தபடி ஜமீன்தார் கும்பிடு வாங்கினார். ஒருவன் கண்கலங்கி "வாழ்..." என்று தொடங்கியதும், பதறி ஓடி வந்து அவன் வாயைப் பொத்தினார்.