இல்லாத பாலிசி

முருங்கைக்கீரை உருவிக்கொண்டே சொல்கிறேன், கேளுங்கள். எங்கள் தெரு ராக்கு அக்கா புருஷன் சைக்கிளில் போகும்போது ஒரு மினி லாரி இடித்துக் கால் முறிந்துபோனது. லாரிக்கு இன்சூரன்ஸ் இருந்தால்தான் நஷ்ட ஈடு கைக்கு வரும். லாரிக்காரனோ கம்பெனிப் பேரை மட்டும் சொன்னான்; பாலிசியைத் தொலைத்துவிட்டு முழித்தான்.

கோர்ட்டில் அந்த இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டு, "அந்த லாரிக்கும் எங்கள் கம்பெனிக்கும் சம்பந்தமே இல்லை. இருந்தால் இந்தம்மா நிரூபிக்கட்டும்" என்றார்.

யார் எது சொன்னாலும் அதில் தப்புக் கண்டுபிடிக்காவிட்டால் அவருக்குத் தூக்கம் வராது. அக்கா அதைக் கவனித்துவிட்டாள்.

"சரிங்கய்யா, சம்பந்தம் இல்லைன்னே இருக்கட்டும். பாவம் லாரிக்காரர், அன்னைக்குச் சீர் கொண்டுபோற சனத்தைத்தான் பின்னால ஏத்தியிருந்தார். அது ஒரு தப்பாங்கய்யா?"

வக்கீல் துள்ளினார். "தப்பில்லாமல்? ஆடு மாடு ஏற்றத்தானே அந்த லாரிக்கு நாங்கள் பாலிசி கொடுத்தோம்! ஆளை ஏற்றச் சொன்னோமா?"

ஜட்ஜையா கண்ணாடியைக் கழற்றினார். "எந்த லாரிக்கு?"

வக்கீலுக்கு இருமல் வந்துவிட்டது. தண்ணீர் கேட்டார்.

"மெதுவாக் குடிங்கய்யா," என்றாள் அக்கா. "நீங்க சொன்னதைக் கோர்ட்டுக் குமாஸ்தா எழுதி முடிக்கட்டும்."

கம்பெனிதான் கொடுக்கவேண்டும் என்று தீர்ப்பாச்சு. இப்போதெல்லாம் அக்காவை எதிரில் பார்த்தால் அந்த வக்கீல் வாயைத் திறக்கிறதே... இதோ வந்துட்டேன் அத்தை, பிள்ளையைக் கொஞ்சம் பிடிச்சுக்கோங்க!