ஆறு வருடக் கிண்டல்

குரு என்றதும் தாடியைத் தேட வேண்டாம். மணிலாவில் ஒரு தொலைக்காட்சித் தொடரின் தலைமைக் கதாசிரியை டிவினாவுக்கு வயது முப்பத்தொன்று. அவளிடம் வசனம் எழுதக் கற்றுக்கொண்ட மரிவிக்குக்கு நாற்பது. மாணவி மூத்தவள் என்பதால் குரு அவளை அக்கா என்பாள். மாணவி குருவை மேடம் என்பாள்.

அவர்கள் எழுதிய தொடரில் ஒரு முதலாளி, அவனிடம் வேலை பார்க்கும் ஒரு பெண். அவன் காதலைச் சொல்ல வாயெடுக்கும்போதெல்லாம் யாராவது கதவைத் திறந்துகொண்டு வந்துவிடுவார்கள். அந்தக் கதவை இருநூறு தடவையாவது திறந்துவிட்ட புண்ணியவதி மரிவிக்தான். சொல்லிவிட்டால் தொடர் முடிந்துபோகுமே.

அலுவலகத்திலும் ஒரு தொடர் ஓடியது. மரிவிக்கையும் ஒலி சேர்க்கும் ஆர்னெலையும் ஜோடியாக்கிக் கிண்டலடிப்பது. அந்த ஊர் அலுவலகங்களில் இது வழக்கம்தான். சாப்பாட்டு மேசையில் இருவரையும் ஒட்டி உட்கார வைப்பார்கள், கிறிஸ்துமஸ் விருந்தில் டூயட் பாடச் சொல்வார்கள். ஊர் வாயை மூட உலைமூடி ஏது? ஆறு வருடமும் இருவரும் சிரித்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார்கள், அவ்வளவுதான்.

இப்போது ஆர்னெலுக்கு செபு தீவுக்கு மாற்றல். வெள்ளிக்கிழமை கடைசி நாள்.

அந்த வெள்ளிக்கிழமை மதியம் மரிவிக் குருவின் எதிரே வந்து உட்கார்ந்தாள். பல நாள் தூங்காத முகம், தாழ்ந்த குரல்.

“மேடம், அவர் போறதை நினைச்சா சோறு இறங்கலை. இது என் காதலா, இல்ல நீங்க எல்லாரும் சொல்லிச் சொல்லி ஒட்டிக்கிட்டதா? எப்படித் தெரிஞ்சுக்கறது?”

டிவினா எழுந்து கைதட்டினாள்.

“எல்லாரும் வாங்க, கீழே போய் நூடுல்ஸ் சாப்பிடலாம். ஆர்னெல், நீங்க நாலாவது காட்சியை முடிங்க. அக்கா, நீங்களும் இருங்க.”

பதினோரு பேர் எழுந்து போனார்கள். ஒருவர்கூடக் கண்ணடிக்கவில்லை. டிவினாவின் முகம் அப்படி இருந்தது.

அறையில் ஏசி மட்டும் இரைந்தது. மரிவிக் எழுதுகிற மாதிரி நடித்தாள். பத்து நிமிடம் போயிருக்கும். ஆர்னெல் ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு நாற்காலியை அவள் பக்கம் திருப்பினான்.

“மரிவிக்.”

அவள் சட்டென்று கதவைப் பார்த்தாள்.

அவனும் திரும்பிப் பார்த்தான்.

“யாராவது வராங்களா?”

“இல்லை.”

கதவு திறக்கவேயில்லை. அவள் வாயும் திறக்கவில்லை. அவன் கொஞ்ச நேரம் அவளையே பார்த்திருந்தான். பிறகு ஹெட்போனை மாட்டிக்கொண்டான்.

ஒரு மணி நேரம் கழித்து டிவினா படியேறி வந்தபோது மரிவிக் வாசலில் நின்றிருந்தாள்.

“என்னக்கா ஆச்சு?”

“என் பேரைச் சொன்னார், மேடம்.”

“நீங்க?”

மரிவிக் தரையைப் பார்த்தாள்.

“வாயில கொழுக்கட்டையா வெச்சிருந்தீங்க?”

“யாராவது பக்கத்துல இருந்து ஒரு வார்த்தை ஆரம்பிச்சு வெச்சிருந்தா...”

உள்ளே ஆர்னெல் மேசை இழுப்பறையைக் காலி செய்யும் சத்தம் கேட்டது. டிவினா சுவரில் சாய்ந்துகொண்டாள்.

“ஆறு வருஷமா நாங்கதான் ஆரம்பிச்சு வெச்சோம், அக்கா. எங்களுக்கு வாய் வலிக்குது.”