பன்னிரண்டுக்கு மேல், பதின்மூன்றுக்குக் கீழ்

முன்னொரு காலத்தில், புதிர் ஒன்றைக் கேட்காமல் இலையில் கை வைக்காத அரசன் ஒருவன் இருந்தான். அவன் சபையில் தில்லைநாயகம் என்று ஒரு விகடகவி. அவன் வாயைத் திறந்தால் அரசன் வயிறு குலுங்கச் சிரிப்பான். அவைக் கணிதர் விருத்தகிரி வாயைத் திறந்தாலோ அரசனுக்குக் கொட்டாவி வரும். அந்தப் பொறாமை கணிதரின் நெஞ்சில் நெடுநாளாகப் புகைந்துகொண்டிருந்தது.

புதிய விருந்து மண்டபம் கட்டி முடிந்தது. "முதல் பந்திக்கு எத்தனை பேரை அழைக்கலாம்?" என்று அரசன் கேட்டான். கணிதர் அவன் காதோடு ஏதோ சொன்னார். அரசனுக்கு முகமெல்லாம் பல்.

"தில்லைநாயகம்! விருந்தினர் எண்ணிக்கையை மூன்றால் பெருக்கி, அதோடு நான்கைக் கூட்டு. வரும் தொகை நாற்பதைத் தாண்ட வேண்டும்; நாற்பத்து மூன்றைத் தொடக் கூடாது. நாளை உச்சிவேளைக்குள் அத்தனை பேரை அழைத்து வா. தவறினால் இந்த நாட்டில் உனக்கு இடமில்லை."

"உத்தரவு, மன்னா" என்று வணங்கி வீட்டுக்கு வந்தான் தில்லைநாயகம். வாசல் மணலில் விரலால் எழுதினான். கூட்டிய நான்கைக் கழித்தான். ஆட்களின் மும்மடங்கு முப்பத்தாறுக்கு மேல், முப்பத்தொன்பதுக்குக் கீழ். மூன்றால் வகுத்தான். பன்னிரண்டுக்கு மேல், பதின்மூன்றுக்குக் கீழ்! அப்படியே மணலில் உட்கார்ந்துவிட்டான்.

"என்ன, பேயறைஞ்ச மாதிரி உக்காந்திருக்கீங்க?" என்றாள் மனைவி அலமேலு.

"பன்னிரண்டு பேருக்கு மேல வேணுமாம். ஆனா பதிமூணு ஆகக் கூடாதாம். அரை மனுஷனுக்கு நான் எங்கே போவேன்? அந்தக் கணிதர் நம்மை ஊரை விட்டே கிளப்பிட்டார், அலமேலு."

அவள் பதில் சொல்வதற்குள் குயவர் தெருப் பூங்காவனம், நிறைமாத வயிற்றைத் தாங்கியபடி வந்து நின்றாள். "அக்கா, புளிப்பு மாங்காய் இருந்தாக் குடுங்க. எனக்கில்லை, உள்ளே இருக்கிற ஆளுதான் கேக்குது!"

தில்லைநாயகம் துள்ளி எழுந்தான். "தாயே, நாளைக்கு அரண்மனையில சாப்பாடு. வந்துடு!"

மறுநாள் உச்சிவேளை. மண்டபத்தில் பதினொரு உழவர்களும் பூங்காவனமும் வரிசையாக நின்றார்கள். கணிதர் விரல்விட்டு எண்ணினார்.

"பன்னிரண்டு! மும்மடங்கோடு நான்கு சேர்த்தால் சரியாக நாற்பது. தாண்டவில்லை, மன்னா. இவன் தோற்றான்!"

"கணிதரே, அம்மா வயிற்றில் இருப்பவரை விட்டுவிட்டீரே?" என்றான் தில்லைநாயகம்.

"அப்படியானால் பதின்மூன்று! தொகை நாற்பத்து மூன்று. அதுவும் தவறு!"

"பதின்மூன்றாமவர் இன்னும் பூமிக்கே வரவில்லையே, ஐயா. எங்கே, அவர் பெயரைச் சொல்லும் பார்க்கலாம்."

"வயிற்றில் இருப்பது... கணக்கில் வராது" என்று இழுத்தார் கணிதர்.

பூங்காவனத்துக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "வராதா? ராவும் பகலும் என்னை உதைக்குதே, அப்ப அது யாரு சாமி? நீங்களா?"

சபை கொல்லென்று சிரித்தது. அரசன் சிரித்த சிரிப்பில் கிரீடம் நழுவ, அதைப் பிடித்துக்கொண்டே, "பன்னிரண்டுக்கு மேல், பதின்மூன்றுக்குக் கீழ்! வென்றுவிட்டாய்!" என்று தன் முத்துமாலையைக் கழற்றித் தில்லைநாயகத்துக்கு அணிவித்தான். பூங்காவனத்துக்குத் தேக்குமரத் தொட்டில் ஒன்று தருவதாகவும் வாக்களித்தான்.

பரிமாறுவோர் தயங்கி நின்றார்கள். "மன்னா, எத்தனை இலை போடுவது?"

"கணிதரைக் கேளுங்கள்" என்றான் அரசன்.

விருத்தகிரி பூங்காவனத்தை ஓரக்கண்ணால் பார்த்தார். பிறகு சொன்னார்: "இலை பன்னிரண்டு போடுங்கள். பாயசம் மட்டும் பதின்மூன்று பேருக்கு."