இருவர் உள்ளே, ஒருவர் வெளியே

குருவுக்கு வயது முப்பத்தெட்டு. சீடருக்கு நாற்பத்தொன்பது.

குரு என்றதும் தாடியும் காவியும் உங்கள் நினைவுக்கு வந்தால் அதற்கு நான் பொறுப்பில்லை. இந்த குருவின் பெயர் ஜெசிந்தா. தூத்துக்குடிக்காரர். பதினாறு வருடமாகக் காட்டு உயிர்களைப் படமெடுத்துக்கொண்டிருப்பவர். சீடர் நாச்சிமுத்து, உடுமலையில் பதினெட்டு வருடம் கல்யாண வீடியோ எடுத்தவர். குரு சீடரை ‘அண்ணே’ என்பார், சீடர் குருவை ‘மேடம்’ என்பார். ஆனைமலைக் காட்டில் இதைப் பற்றி யாரும் அலட்டிக்கொள்ளவில்லை.

காட்டில் என்ன வேலை என்று ஊரில் கேட்டால் நாச்சிமுத்து சிரித்துக்கொண்டே சொல்வார்:

“பறவைக்கு முதுகைக் காட்டறதுங்க.”

பொய்யில்லை. அவர்கள் எடுத்துக்கொண்டிருந்தது இருவாச்சிப் பறவையின் படம். பெண் பறவை முட்டையிட மரப்பொந்துக்குள் போய் வாசலை அடைத்துக்கொள்ளும். ஒரு சின்னக் கீறல் மட்டும் மிச்சம். மாதக்கணக்கில் ஆண் பறவைதான் அந்தக் கீறல் வழியே பழம் ஊட்டும். எதிரில் இலை தழை போர்த்திய ஒரு கூடாரத்துக்குள் உட்கார்ந்து அதைப் படமெடுக்க வேண்டும். ஆனால் ஆள் உள்ளே போவதைப் பார்த்துவிட்டால் ஆண் கிட்டே வராது.

அதனால் இருவர் உள்ளே போவார்கள். கொஞ்ச நேரம் கழித்து ஒருவர் மட்டும் வெளியே வந்து, நன்றாகத் தெரியும்படி நடந்து போய்விடுவார். வந்தவர்கள் போய்விட்டார்கள் என்று பறவை நம்பிவிடும். அதற்குக் கணக்குத் தெரியாது.

உள்ளே கேமராவுடன் இருப்பவர் ஜெசிந்தா. வெளியே நடப்பவர் நாச்சிமுத்து. தை மாதத்திலிருந்து தினமும் காலையில் இதேதான்.

“ஏனுங்க மேடம், நான் எப்பங்க உள்ளே இருக்கறது?” என்று மாசியில் ஒருமுறை கேட்டார்.

ஜெசிந்தா காலிப் பையை எடுத்து அவர் தோளில் மாட்டிவிட்டார்.

“கொஞ்சம் சத்தமா நடங்கண்ணே. அது பாக்கணும்.”

பங்குனியிலும் கேட்டார். அப்போதும் பைதான்.

நாச்சிமுத்துவின் அவசரத்துக்குக் காரணம் இருந்தது. ஸ்டுடியோவை மைத்துனனிடம் ஒப்படைத்துவிட்டுக் காட்டுக்கு வந்தபோது மனைவி கோகிலா ஒரே ஒரு நிபந்தனை போட்டிருந்தார். ஒரு வருடம். அதற்குள் ஒரு படத்தில் ‘கேமரா: நாச்சிமுத்து’ என்று வந்துவிட வேண்டும். இல்லாவிட்டால் வைகாசி முகூர்த்தத்துக்கு மறுபேச்சில்லாமல் மண்டபத்துக்குத் திரும்பிவிட வேண்டும். இப்போது சித்திரை பாதி ஆகிவிட்டது.

அப்போதுதான் அது நடந்தது. தாய்ப்பறவை வெளியே வந்து பத்து நாள் ஆகியிருந்தது. குஞ்சு உள்ளிருந்தபடியே வாசலைத் திரும்பப் பூசிக்கொண்டது. இனி அது சுவரை உடைத்துக்கொண்டு வந்து முதல் தடவையாகப் பறக்க வேண்டியதுதான் பாக்கி. கீழே ஓடையோரம் இன்னொரு மரத்திலும் அதே நிலைமை. இரண்டு மரம், ஒரு ஜெசிந்தா.

காலையில் இருவரும் கூடாரத்துக்குள் போனார்கள். நாச்சிமுத்து வழக்கம்போல் காலிப் பையைத் தேடினார். பை ஜெசிந்தாவின் தோளில் இருந்தது.

“இன்னிக்கு நீங்க இருங்கண்ணே. நான் இன்னொரு கேமராவோட ஓடை மரத்துக்குப் போறேன், தூரத்துலருந்து எடுத்துக்கிறேன்.”

நாச்சிமுத்து அவசரமாகக் கேமராவுக்குப் பின்னால் போய் உட்கார்ந்தார்.

“குஞ்சு வெளிய வர்றது ஒரு தடவைதான்,” என்றார் ஜெசிந்தா.

“தெரியுங்க மேடம். இது கல்யாணம் இல்லீங்.”

அதற்கு அர்த்தம் உண்டு. கல்யாணத்தில் எதைத் தவறவிட்டாலும் திரும்ப எடுத்துக்கொள்ளலாம். மாப்பிள்ளை தாலியைக் கையில் பிடித்தபடி வீடியோக்காரரைப் பார்ப்பார். இவர் தலையசைத்தால்தான் முடிச்சு. கோணம் சரியில்லையா, “ஒரு நிமிசம் சார், மறுபடியும் அப்படியே” என்றால் போதும். ஐயரே காத்திருப்பார்.

ஒன்பதரை மணிக்கு இறக்கைச் சத்தம் கேட்டது. இருவாச்சி பறந்தால் மலையேறும் ரயில் மூச்சு விடுவதுபோல இருக்கும். நாச்சிமுத்து சிவப்புப் பொத்தானை அமுக்கினார். கேமராவின் சின்ன விளக்கு பறவை கண்ணில் படக்கூடாது என்று அதன்மேல் கருப்பு டேப் ஒட்டியிருந்தார்கள். தந்தை வந்தது. எதிர்க்கிளையில் தாயும் வந்து உட்கார்ந்தது. வாசல் சுவரில் ஒரு துண்டு பெயர்ந்து விழுந்தது. இன்னொன்று விழுந்தது. உள்ளேயிருந்து ஓர் அலகு எட்டிப் பார்த்தது.

நாச்சிமுத்து கேமராவிலிருந்து கண்ணை எடுத்துவிட்டார். பொத்தானை இன்னொரு முறை அமுக்கியது அவர் கட்டைவிரல்தான். அவருக்கு அது தெரியாது.

அடுத்து நடந்ததை நான் சொல்லப்போவதில்லை. அவரே சொல்வார், அவர் சொன்னால்தான் நன்றாக இருக்கும்.

எல்லாம் முடிந்ததும், சாதித்துவிட்ட பூரிப்பில், பதிவை நிறுத்துவதாக நினைத்துப் பொத்தானை அமுக்கினார். அப்புறம்தான் கேமராவுக்குள் பார்த்தார். விநாடிகள் ஓடத் தொடங்கியிருந்தன. மூன்று. நான்கு. ஐந்து.

அப்படியென்றால் இவ்வளவு நேரம் பதிவே ஆகவில்லை.

மதியம் முகாமில் ஜெசிந்தா படத்தைப் போட்டுப் பார்த்தார். ஓடை மரத்துக் குஞ்சு அன்று வெளியே வரவில்லை. நாச்சிமுத்து தலையைத் தொங்கப் போட்டபடி நின்றார்.

பதிவின் முதல் துண்டில் தந்தை, தாய், உடையும் சுவர், எட்டிப் பார்க்கும் அலகு. அத்தோடு நின்றுவிட்டது.

இரண்டாவது துண்டில் காலிப் பொந்து. ஆளில்லா வீடு. அதன்மேல் நாச்சிமுத்துவின் குரல்:

“கண்ணு! ஒரு நிமிசம் கண்ணு! மறுபடியும் ஒரே ஒரு தடவ! உள்ள போயிட்டு வா கண்ணு!”

ஜெசிந்தா ஸ்டூலிலிருந்து சரிந்து தரையில் உட்கார்ந்து சிரித்தார். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தார்.

“சிரிக்காதீங்க மேடம். நாலு மாச உழைப்புங்க. மண்ணாப்போச்சு.”

“போனது போச்சு.” ஜெசிந்தா கண்ணைத் துடைத்துக்கொண்டார். “இதுக்கும் அதுக்கும் நடுவுல என்னண்ணே நடந்துச்சு?”

“அதத்தான் நான் எடுக்கலீங்களே.”

“எடுக்கல. சரி. பாத்தீங்கள்ல?”

நாச்சிமுத்து முதலில் முனகலாகத்தான் ஆரம்பித்தார்.

“அலகு வந்துச்சுங்க. தல வந்துச்சு. ரெக்க மாட்டிக்கிச்சு.”

“எந்தப் பக்கம்?”

“எடது பக்கமுங்க. உள்ள போகவும் முடியல, வெளிய வரவும் முடியல. நமக்கே மூச்சு முட்டுதுங்க. அப்பன் எதுர்க்கெளையில அத்திப்பழத்த வெச்சுக்கிட்டு நிக்கறான். குடுக்க மாட்டேங்கறான்!”

“பழம் எப்படி இருந்துச்சு?”

“செவப்புங்க. பாதி நசுங்குனது. சாறு அவன் நெஞ்சுல ஒழுகுது. குஞ்சு கத்துது, அவன் அசையவே இல்லீங். ஆத்தாக்காரி இந்தக் கெளைக்கும் அந்தக் கெளைக்கும் குதிக்கறா.” அவர் குரல் ஏறிவிட்டது. “திடீர்னு சுவரோட கீழ்ப்பக்கம் மொத்தமா பேந்துச்சு பாருங்க! பொத்துனு விழுந்துருச்சு மேடம்! பறக்கல, விழுந்துச்சு! அடப் பாவமே, செத்துச்சுன்னே நெனச்சுட்டேன்!”

கைகள் இரண்டையும் உடம்போடு ஒட்டிக்கொண்டு அவரே முகாம் வாசலில் ஒரு குதி குதித்துக் காட்டினார். டீ டம்ளர் உருண்டது. அவர் கவனிக்கவில்லை.

“ரெண்டு ஆள் ஒசரம் வந்துச்சுங்க. அப்பத்தான் ரெக்க விரிஞ்சுது. விரிஞ்சுதா, அந்தச் சத்தம் வந்துச்சு! ரயில் சத்தம்! சின்ன ரயில்! அது பயந்துபோயி முன்ன இருந்த கெளையில முட்டி உக்காந்துருச்சு. உக்காந்து, திரும்பித் திரும்பித் தன் ரெக்கயவே பாக்குது மேடம். யார்ரா அது சத்தம் போட்டதுங்கற மாதிரி!”

ஜெசிந்தா சிரிக்கவில்லை. கன்னத்தில் கைவைத்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

“அப்பன்?”

“அவன் செஞ்சதத்தான் கேக்கணும்! பழத்தத் தூக்கிட்டுப் பறந்து வந்து நேராப் பொந்துக்கே போறான். காலி ஓட்டைக்குள்ள நீட்டறான். நாலு மாசப் பழக்கமுங்களே. நீட்டறான், பாக்கறான், மறுபடி நீட்டறான். பின்னாடியிருந்து குஞ்சு கத்துச்சு. திரும்புனான் பாருங்க…”

நாச்சிமுத்து பழம் ஊட்டுவதுபோல் கையை நீட்டிக் காட்டினார். அவர் அழுதுகொண்டிருந்தார். ஆனால் முகம் முழுக்கச் சிரிப்பு. இப்படி ஒரு சந்தோஷம் அவருக்கு வந்து எத்தனையோ வருடம் ஆகியிருந்தது.

நாச்சிமுத்து சட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

“அண்ணே, நீங்க எத்தன கல்யாணம் எடுத்திருப்பீங்க?”

“ஆயிரத்துக்கு மேலீங்க.”

“அதுல ஒரு பொண்ணு, ஒரு மாப்பிள்ள. இதே மாதிரி சொல்லுங்க.”

நாச்சிமுத்து வாயைத் திறந்தார். யோசித்தார்.

“பட்டுச்சேலைங்க… மாலை…”

அதற்கு மேல் ஒன்றும் வரவில்லை.

ஜெசிந்தா எழுந்து, உருண்ட டம்ளரை எடுத்துக் கழுவி வைத்தார். பிறகு படம் எடுக்கச் சொல்லியிருந்த சேனல் ஆபீஸுக்குப் போன் செய்தார்.

“முதல் பறத்தல் கிடைக்கல சார்… ஆமா, போயிருச்சு… உள்ள யாரா? எங்க கேமராமேன்தான் இருந்தாரு.”

நாச்சிமுத்துவின் காதில் அது விழுந்தது. ஒரு வருடமாகக் காத்திருந்த வார்த்தையை இந்த லட்சணத்திலா கேட்க வேண்டும் என்றிருந்தது. வெளியே போய் கோகிலாவுக்குப் போன் போட்டார். “நாளைக்கு வந்தர்றேன்,” என்றார். கோகிலா ஏன் என்று கேட்கவில்லை. அது இன்னும் கஷ்டமாக இருந்தது.

மறுநாள் விடியும்போதே துணிமணிகளைக் கட்டி வைத்துவிட்டார். பத்தரைக்கு பஸ். அதற்கு முன் ஒரு வேலை மிச்சமிருந்தது. ஓடை மரத்தில் குஞ்சு இன்னும் உள்ளேதான் இருந்தது. பறவைக்கு முதுகு காட்ட ஓர் ஆள் வேண்டும். கடைசி தடவையாகக் காட்டிவிட்டுப் போவோம் என்று ஜெசிந்தாவோடு நடந்தார்.

ஓடை மரத்துக்கு எதிரிலிருந்த கூடாரத்துக்குள் இருவரும் உட்கார்ந்தார்கள். பொந்துக்குள்ளிருந்து சுவரைத் தட்டும் சத்தம் கேட்டது. டொக். டொக். நேற்றுக் காலையில் கேட்ட அதே சத்தம். நாச்சிமுத்து கேமரா பக்கம் திரும்பினார். வேண்டாம் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். எழுந்து காலிப் பைக்குக் கை நீட்டினார்.

பை அங்கே இல்லை.

“நான் போறேன்ணே,” என்றார் ஜெசிந்தா.

“மேடம்… பத்தரைக்கு பஸ்ஸுங்க.”

“அண்ணிகிட்ட நான் பேசிக்கிறேன்.”

“வெளையாடாதீங்க. நேத்தே நான்…” அவர் தன் கட்டைவிரலைக் காட்டினார். “படத்துல இதுவும் இல்லாமப் போச்சுன்னா, உங்க பேருமில்லீங்க கெடும்?”

ஜெசிந்தா படுதாவை விலக்கிவிட்டார். வெளியே காலை வெயில். தூரத்தில் எங்கோ சின்னதாக ரயில் கிளம்பும் சத்தம்.

“மறுபடியும் பொத்தானத் தப்பா அமுக்கிட்டன்னா என்னங்க பண்றது?”

ஜெசிந்தா பையைத் தோளில் ஏற்றிக்கொண்டார்.

“மத்தியானம் வந்து எங்கிட்ட சொல்லுங்க.”