ஆள்காட்டி ஏன் தலைக்கு மேலயே சுத்துது

அந்தக் காலத்துல மிருகமெல்லாம் வாய்விட்டுப் பேசிக்கிட்டு இருந்துச்சுக. இப்ப பேசலையான்னு கேக்காதீங்க. இப்பவும் பேசுதுக, நமக்குத்தான் நின்னு கேக்க நேரமில்ல. அப்பல்லாம் நரி தும்முனாக்கூட நண்டு வளையில இருந்து எட்டிப் பாத்து, "நூறாயுசு மாமா"ன்னு சொல்லும். அம்புட்டு மரியாதை.

செம்மண் காட்டுக்கு நடுவுல ஒரு கண்மாய். கரை நெடுகக் கருவேல மரம். கரைக்கு அந்தப் பக்கம் ரெண்டு கூப்பிடு தூரத்துல ஆளுக ஊரு. கண்மாய்க்குள்ள மானு, முயலு, கீரி, உடும்பு எல்லாம் குடியிருந்துச்சுக. அதுகளுக்கு ஆளுன்னாலே பயம். ஆளு வந்தா பின்னாடியே வலை வரும், கண்ணி வரும், நாயி வரும். அதனால ஒரு குருவியக் காவலுக்கு வச்சிருந்துச்சுக. குச்சி குச்சியா மஞ்சக் காலு, கறுத்த நெஞ்சு, கண்ணோரம் மட்டும் பால் கணக்கா வெள்ளை. ஆமாங்க, அப்ப வெள்ளைதான். அது செவந்த கதையத்தான் சொல்ல வந்தேன். அதுக்கு அப்பப் பேரு காவக்காரி.

காவலுக்கு ஒத்துக்கிட்ட அன்னைக்கே காவக்காரி ஒரு பேச்சுப் பேசிருச்சு. "ஆளு தலை தெரிஞ்சதும் கத்துறேன். நீங்க ஓடிப் பொழச்சுக்கங்க. ஆனா எனக்குக் கூடு கட்ட வராது. தண்ணியோரம் கூழாங்கல்லு கெடக்குல்ல, அங்கதான் முட்டை வைப்பேன். முட்டையும் கல்லு மாதிரியேதான் இருக்கும். மிதிக்கக் கூடாது."

முயலுக்குப் பயத்துல வாய் தந்தியடிக்கும். "மி மி மிதிக்க மாட்டோம்க்கா! எங்க மிதிக்கக் கூடாது? இங்கயா? இங்கயா? இந்தா இங்கயா?"ன்னு அந்தக் கூழாங்கல்லு மேலயே குதிச்சுக் குதிச்சுக் கேட்டுச்சு.

"அங்கதான்டா எழவெடுத்தவனே, எறங்கு!"

அன்னையில இருந்து அந்த எடத்துக்கு வந்தா எல்லாம் தலையக் குனிஞ்சு, ஒவ்வொரு காலாப் பாத்து வைக்கும். காவக்காரியும் ஒரு நாளும் வேலையில தப்புனதில்ல. "தித்தித்திரீ!"ன்னு ஒரு சத்தம் விட்டா, யாரு எவருன்னு எதுவும் கேக்காது. ஓட்டந்தான்.

ஒரு நா புல்லறுக்க வந்த ஒருத்தி, கைப்புள்ளைய மர நெழல்ல கெடத்திட்டு அரிவாளோட உள்ள எறங்குனா. வேலை மும்முரம். கீழ பாக்கல. போயி பாம்பு மேல மிதிச்சுப்புட்டா.

பாம்பு அப்பறமா எல்லார்கிட்டயும் வந்து அழுதுச்சு. "ஸ்ஸ்... நான் பாட்டுக்கு வெயிலு காஞ்சுக்கிட்டுக் கெடந்தேன். வாலு மேல நச்சுன்னு ஒரு மிதி. வலிச்சா நான் என்ன கும்பிடவா செய்வேன்? கொத்துனதுக்கு அப்பறந்தான் புள்ள அழுகுற சத்தம் கேட்டுச்சு..."

ஊரு சனம் வந்து செத்துக் கெடந்தவளத் தூக்கிட்டுப் போச்சு. புள்ளையத் தேடுச்சு. அது தவழ்ந்து போயி கோரைக்குள்ள, குட்டிய எழந்த ஒரு மான் மடியில வாய வச்சுக்கிட்டுத் தூங்கிருச்சு. மூணு நாளு தேடிட்டு, "நரி தூக்கிருச்சு"ன்னு போயிட்டாக. நரிக்கு இன்னைக்கு வரைக்கும் அந்த வருத்தம் இருக்கு, அது வேற.

பொம்பளப் புள்ள. மான் பாலு குடிச்சு, மான் கூடவே வளந்துச்சு. அங்க யாருக்கும் தனியாப் பேரு கெடையாது. சின்னதெல்லாம் குட்டிதான். மான் ஆத்தா "குட்டி!"ன்னு கூப்புட்டா மான் குட்டி, மொசக் குட்டி, கீரிக் குட்டி, நடுவுல இதுவும் புழுதியக் கெளப்பிக்கிட்டு ஓடியாரும். காவக்காரிய அது சித்தின்னு கூப்புடும். சித்திக்கு அந்தக் குட்டி மேல உசுரு. ஏன்னா கூழாங்கல்லு மேல இந்தக் குட்டி நடக்குற மாதிரி நறுவிசா ஒண்ணும் நடக்காது. கட்ட விரல ஊணி, தடவிப் பாத்துட்டு, அப்பறந்தான் குதிங்கால வைக்கும். காவக்காரி சத்தங் குடுத்தா முதல் ஆளா ஓடுறதும் அதுதான். திரும்பிக்கூடப் பாக்காது. அதனால அது ஒரு நாளும் ஆளப் பாத்ததே இல்ல.

இப்படியே ஏழு வருசம்.

ஏழாவது வருசம் கோடையில கண்மாய் வத்தி, நடுவுல ஒரு குட்டை மட்டும் கெடந்துச்சு. காத்தில்ல. தண்ணி பளிங்கு. அன்னைக்குக் காலையில குட்டிக்கு முன்பல்லு விழுந்துருச்சு. ஓட்டைக்குள்ள நாக்கு போயிப் போயி வருது. "என்னடா இது"ன்னு தண்ணி குடிக்கக் குனிஞ்சப்ப வாயத் தொறந்து பாத்துச்சு.

"ஆத்தா, தண்ணிக்குள்ள ஒரு குட்டி இருக்கு."

"இருந்தா இருந்துட்டுப் போகுது. நீ குடி."

"அதுக்கும் பல்லு இல்ல."

"பாவம். குடி."

"ஆத்தா, நான் நாக்க நீட்டுனா அதுவும் நீட்டுது."

மான் ஆத்தா தலையத் தூக்கல. தண்ணி குடிக்குற மிருகம் தண்ணியத்தான் பாக்கும், தன்னப் பாக்காது. ஆனா குட்டி பாத்துச்சு. பக்கத்துல ஆத்தா மொகம் தண்ணியில தெரியுது. நீட்டு மூக்கு, ஆடுற காது. அதுக்குப் பக்கத்துல தட்டை மூக்கு. காது இத்துனூண்டு. கன்னத்துல ஒரு சேத்துக் கறை. குட்டி தன் கன்னத்தத் தொட்டுச்சு. சேறு கையில ஒட்டுச்சு.

அம்புட்டுதான். அந்தச் சேறு கையில ஒட்டுன நேரத்துல, அதுக்குள்ள என்னமோ ஒண்ணு எந்திரிச்சு உக்காந்துச்சு.

அன்னைக்குச் சாயங்காலம் ஆத்தா "குட்டி!"ன்னு கூப்புட்டுச்சு. எல்லாம் ஓடியாந்துச்சுக. இது மட்டும் நின்ன எடத்துல இருந்து கேட்டுச்சு:

"எந்தக் குட்டி?"

அப்படி ஒரு கேள்விய அந்தக் கண்மாய் கேட்டதே இல்ல. முயலு மட்டும், "எ எ எந்தக் குட்டின்னா என்ன அர்த்தம்? நான் வந்தது தப்பா? போயிறவா?"ன்னு கேட்டுட்டு ஓடிருச்சு.

குட்டி போயி காவக்காரி பக்கத்துல உக்காந்துச்சு. காவக்காரி குட்டையோரக் கூழாங்கல்லுல, முட்டை நாலு மேலயும் நெஞ்ச வச்சுப் படுத்திருந்துச்சு.

"சித்தி, ஆளுன்னா எப்படி இருக்கும்?"

"இப்ப எதுக்குடி அது?"

"சொல்லேன்."

"ரெண்டு கால்ல நிக்கும். கீழ பாத்து மிதிக்காது."

குட்டி தன் காலப் பாத்துச்சு. எண்ணிப் பாத்துச்சு. எண்ண ரொம்ப நேரம் ஆகாதே.

"சித்தி, எனக்கு ரெண்டு காலு."

"எனக்கும்தான் ரெண்டு காலு. அப்ப நானும் ஆளா? இந்தா வர்றேன், வேட்டியக் குடு, கட்டிக்கிறேன்"ன்னு காவக்காரி ஒரு காலத் தூக்கி ஆளு மாதிரி நெஞ்ச நிமித்தி நடந்து காட்டுச்சு. குட்டி சிரிச்சுச்சு. பாதிச் சிரிப்புல கையக் கொண்டுபோயி வாய மூடிக்கிச்சு. பல்லு இல்லாதது தெரியக் கூடாதாம். நேத்து வரைக்கும் அதுக்கு மறைக்கத் தெரியாது.

"நான் உங்க கூடத்தான இருப்பேன், சித்தி?"

"வேற எங்கடி போவ, கழுதை? படு."

விடிஞ்சதும், யாரும் எந்திரிக்குறதுக்கு முன்னாடி, குட்டி குட்டைக்குப் போச்சு. நேத்து மொகத்தத்தான் பாத்துச்சு. இன்னைக்கு முழுசாப் பாக்கணும். தான் ஆளா, குட்டியான்னு கண்ணால பாத்துத் தெரிஞ்சுக்கணும். தெரிஞ்சா இந்தப் பயம் போயிரும்னு நெனச்சுச்சு. தண்ணியோரம் நின்னுச்சு. கழுத்து வரைக்கும் தெரிஞ்சுச்சு. ஒரு எட்டு பின்னாடி வச்சுச்சு, நெஞ்சு தெரிஞ்சுச்சு. இன்னொரு எட்டு, இடுப்பு. கண்ணு தண்ணியில இருக்கு. இன்னும் ஒரு எட்டு வச்சா காலும் தெரிஞ்சிரும்.

வச்சுச்சு.

காலடியில கல்லு நொறுங்குன மாதிரி இருந்துச்சு. கல்லு ஏது நொறுங்கும்?

இருட்டோட எரை பொறுக்கப் போன காவக்காரி அப்பத்தான் திரும்பி வருது. தரையில பாத்துச்சு. மூணு முட்டை போயிருச்சு. வயிறு எரிஞ்சு ஒரு கத்து கத்துச்சு பாருங்க. யாரையும் காட்டிக் குடுக்கணும்னு கத்தல. பெத்தவ கத்துற கத்து. ஆனா அதுக்குத் தெரிஞ்ச கத்து ஒண்ணே ஒண்ணுதான்.

"தித்தித்திரீ! தித்தித்திரீ!"

கண்மாய் மொத்தமும் எந்திரிச்சு ஓடுச்சு. யாரும் எதுவும் கேக்கல. குட்டியும் ஓடுச்சு. பழக்கதோசம். "ஆளு! ஆளு வந்துருச்சு, ஓடுங்க!"ன்னு கத்திக்கிட்டே ஓடுச்சு. மான் கூட்டத்த எட்டிப் புடிச்சுச்சு. கூட்டம் ரெண்டாப் பிரிஞ்சு அத நடுவுல விட்டுட்டுப் போச்சு. எடது பக்கம் ஓடுனா எடது பக்கத்துல இருந்ததெல்லாம் வலது பக்கம் ஓடுது. வலது பக்கம் வந்தா எடது பக்கம் ஓடுது.

"எங்க? ஆளு எங்க இருக்கு?"ன்னு திரும்பிப் பாத்துச்சு. பொறந்ததுல இருந்து முதத்தடவையாத் திரும்பிப் பாத்துச்சு. பின்னாடி வெட்டவெளி. ஒரு ஈ காக்கா இல்ல.

சத்தம் மட்டும் நேரா தலைக்கு மேல. நகந்தா கூடவே நகருது. நின்னா நிக்குது. குட்டி போயி ஒரு முள்ளுப் பொதருக்குள்ள சுருண்டு உக்காந்துச்சு. அந்தப் பொதரையே சுத்திச் சுத்திக் கத்துது.

அப்பத்தான் குட்டி தன் உள்ளங்காலப் பாத்துச்சு. மஞ்சக்கரு காஞ்சு ஒட்டியிருந்துச்சு.

காவக்காரி ஏசுறதுக்குப் பின்னாடி வரல. ஓடுற குட்டியப் பாத்த ஒடனேயே அதுக்குப் புரிஞ்சுபோச்சு, என்ன காரியம் பண்ணிப்புட்டோம்னு. "ஒரு முட்டை மிச்சம் இருக்குடி, பரவால்ல, திரும்பி வாடி"ன்னு சொல்லத்தான் பறந்து பறந்து வந்துச்சு. ஆனா கத்துன கத்துல தொண்டை கிழிஞ்சு, வந்த பேச்செல்லாம் போயிருச்சு. வாடின்னு சொல்ல வாயத் தொறந்தா, தித்தித்திரீ. என் தங்கமேன்னு சொல்லப் பாத்தா, தித்தித்திரீ. சொல்லச் சொல்ல மத்ததெல்லாம் இன்னும் தூரமா ஓடுது.

மான் ஆத்தா மட்டும் தூரத்துல நின்னுச்சு. மூச்சு வாங்க, "குட்டி!"ன்னு ஒரு தடவை கூப்புட்டுச்சு. பொதருக்குள்ள இருந்து குட்டி எந்திரிச்சு ஒரு எட்டு முன்னாடி வச்சுச்சு. ஆத்தா காலு நாலும் ஒரு எட்டு பின்னாடி போச்சு. மனசு போகல. காலுதான் போச்சு.

குட்டி அதப் பாத்துட்டு நின்னுருச்சு. அப்பறம் கரையேறி, ஆளுக ஊரப் பாத்து நடந்துச்சு. ஊரு எல்லை வரைக்கும் காவக்காரி தலைக்கு மேலயே வந்துச்சு. அழுத அழுகையில அதோட கண்ணோரம் ரத்தமாச் செவந்துருச்சு.

ஊரு ஓரத்துல மிளகா காயப்போட்டுக்கிட்டு இருந்த வெள்ளையம்மா, ஒட்டுத்துணி இல்லாம நின்ன புள்ளையப் பாத்து முந்தானையால போத்துனா. "யாருடி நீ? யாரு வீட்டுப் புள்ள?"ன்னு கேட்டா.

"நான்..."ன்னுச்சு குட்டி. அதுக்கு மேல வரல. நேத்து வரைக்கும் சொல்ல எம்புட்டோ இருந்துச்சு. இப்ப அந்த ஒத்தச் சொல்லுதான் மிச்சம்.

வெள்ளையம்மா கூட்டிட்டுப் போயி, தலைவாரி, காளியக்கான்னு பேரு வச்சு வளத்தா. காளியக்காவுக்குப் பல்லு மொளைச்சுச்சு. சடை வளந்துச்சு. மான் பேச்சு மறந்துச்சு. அப்பறம் அவளுக்கு மானே மறந்துருச்சு. கல்யாணம் ஆச்சு, ஒரு புள்ளையும் பொறந்துச்சு.

ஒரு கோடையில மத்த பொம்பளைகளோட அவளும் அரிவாள எடுத்துக்கிட்டுக் கண்மாய்க்குள்ள எறங்குனா. எறங்குனதுதான் தாமசம், எங்கிருந்தோ ஒரு குருவி சீறி வந்து தலைக்கு மேல கத்த ஆரம்பிச்சுருச்சு. தாழ வந்து அவ மொகத்துக்கு நேரா பாத்துச்சு. பல்லு முப்பத்திரண்டும் வரிசையா இருந்துச்சு. இவ இல்லன்னு மேல போயிருச்சு.

"சீ, போ! வந்ததும் வராததுமா ஆளக் காட்டிக் குடுக்குது பாரு, சனியன். இந்த ஆள்காட்டிக்கு அப்படி என்னதான் வேணுமாம்?"ன்னு காளியக்கா அரிவாள வீசி வெரட்டுனா. கூட வந்தவளுக சிரிச்சாளுக. அவளும் சிரிச்சா.

சிரிச்சுக்கிட்டே தண்ணியோரம் கூழாங்கல்லு மேல நடந்தா. அங்க கல்லோட கல்லா நாலு முட்டை கெடந்துச்சு. அவ பாக்கல. ஆனா அவ காலு, கட்ட விரல ஊணி, தடவிப் பாத்துட்டு, அப்பறம் குதிங்கால வச்சு, ஒரு முட்டையக்கூட மிதிக்காமக் கடந்து போச்சு. ஏன் இப்படி நடக்குறோம்னு அவளுக்கே தெரியல.

மேல பறந்த குருவி மொகத்தத்தான் பாத்துச்சு. காலப் பாக்கல.

குட்டி போன அன்னையில இருந்துதான் ஆள்காட்டி எத்தன மிதி பட்டாலும் எடத்த மாத்தாம அதே வெறுந்தரையில முட்டை வைக்குது, தேடி வந்தா குட்டிக்கு எடம் தெரியணுமேன்னு. நம்ம தலை தெரிஞ்சதும் செவந்த கண்ணோட பறந்து வந்து, கத்திக்கிட்டே எறங்கி எறங்கி ஒவ்வொரு மொகமாப் பாக்குது, முன்பல்லு விழுந்த மொகம் ஒண்ணு வந்திருக்கான்னு.