புயல் ஒத்திகைக்கு வந்த ஆடு

புயல் வரும் முன்னமே ஜனங்கள் ஓடிப் பழகட்டும் என்று கடலோரக் குப்பத்தில் ஒத்திகை வைத்தார் தாசில்தார். சங்கு ஊதியதும் ஊரே மேட்டிலிருக்கும் புயல் காப்பகத்துக்கு வந்துவிட வேண்டும். ஆடு மாடுகளை மட்டும் கொண்டுவரவே கூடாது.

கடைசியாக வந்தாள் வேம்பு. அவள் பிடித்த கயிற்றில் சினையாடு கருப்பி.

“உயிர் பெரிசா, ஆடு பெரிசா? கடற்கரையிலேயே கட்டிட்டு வா!” என்று அதட்டினார் தாசில்தார்.

வேம்பு தலையாட்டினாள். நேராக அவருடைய ஜீப்புக்குப் போய், எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த நாய்க்குட்டியைத் தூக்கிக்கொண்டாள்.

“ஏய், அதை எங்கே கொண்டுபோறே?”

“கருப்பிக்குத் துணையா இதையும் கட்டிட்டு வரேங்கய்யா.”

“ஐயோ, அங்கே விட்டா பயந்துடும்மா!” என்று பதறியவர், சட்டென்று நாக்கைக் கடித்துக்கொண்டார்.

ஊரே சிரித்தது. வேம்பு சிரிக்கவில்லை. “போன புயல்ல என் வீட்டுக்காரரு பாதி வழி வந்தவரு, மாட்டை அவுத்துவிட்டுட்டு வரேன்னு திரும்பிப் போனாருங்கய்யா. அப்புறம் வரவே இல்ல.”

தாசில்தார் கயிற்றை வாங்கி, கருப்பியைத் தம் கையாலேயே காப்பகத் தூணில் கட்டினார்.

அடுத்த ஒத்திகைக்குள் அங்கே ஆடு மாடுகளுக்குக் கொட்டகையும் தண்ணீர்த் தொட்டியும் வந்துவிட்டன. சங்கு ஊதியது. கருப்பியும் குட்டிகளும் முன்னால் ஓட, ஊர் மொத்தமும் பின்னால் ஓடியது. ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை.