வாசலில் நான்காவது கேள்வி

அந்தக் காலத்தில் நரி மனிதக் குரலில் பேசும். பனிக்கடல் ஓரத்தில் ஐந்தே பனிக்கட்டி வீடுகள் கொண்ட ஊர் ஒன்று இருந்தது. ஆண்கள் சீல் என்னும் கடல்நாய் வேட்டைக்குப் போனதும் வெள்ளை நரி வந்து, பக்கத்து வீட்டுக்காரியின் குரலிலேயே கூப்பிடும். திறந்தால் சீல் கொழுப்பைக் கவ்விக்கொண்டு ஓடிவிடும். அதனால் ஊரார் ஒரு வழக்கம் வைத்துக்கொண்டார்கள். வந்தவரிடம் குடும்ப விஷயமாக மூன்று கேள்விகள் கேட்க வேண்டும். சரியாகச் சொன்னால்தான், வாசலை உள்ளிருந்து அடைத்த பனிப்பாளத்தை நகர்த்த வேண்டும். நரிக்குக் குரல் வரும், குடும்பக் கதை தெரியாது.

இவாலுவுக்குத் தன் அண்ணி பிபலுக்கின் மேல் பத்து நாளாகக் கோபம். அண்ணன் கொண்டுவந்த சீலைப் பங்கு போட்டபோது, பிபலுக் ஈரலைக் கடைசி வீட்டில் பிள்ளை பெற்றிருந்தவளுக்குக் கொடுத்துவிட்டு, நாத்தனாருக்கு விலா எலும்பை அனுப்பியிருந்தாள்.

ஒருநாள் காலை பனிப்புயல் அடித்தது. வாசலில் பிபலுக்கின் குரல் கேட்டது. வீட்டில் கொழுப்பு விளக்கு அணைந்துவிட்டதாம். குழந்தை முதுகில் இருக்கிறதாம். நெருப்பு வேண்டுமாம்.

இவாலு கேட்டாள். செத்துப்போன அம்மாவுக்கு எந்தக் கால் நொண்டி, அண்ணனுடைய முதல் நாயின் பெயர் என்ன, குழந்தைக்குத் தொப்புள்கொடி அறுத்தது யார். மூன்றுக்கும் சரியான பதில் வந்தது. கடைசிப் பதில் பல் கிடுகிடுக்க வந்தது.

இவாலுவின் கை பாளத்தின் மேல் போனது, அங்கேயே நின்றது.

“இன்னும் ஒண்ணே ஒண்ணு, அண்ணி. அந்த ஈரல் யார் வீட்டுக்குப் போச்சு?”

 “திற, இவாலு. வாய் மரத்துப்போகுது” என்றாள் பிபலுக்.

“பதில் சொல்லாட்டி நரின்னுதானே அர்த்தம்?”

நரி இல்லை என்று அவளுக்குத் தெரியும். நரியாக இருந்தால் எதையாவது உளறியிருக்கும். அண்ணி தன் வாயால் ஒரு தடவை சொல்லட்டும் என்று உட்கார்ந்து, காலணிக்கு வைத்திருந்த தோலைப் பல்லால் மென்று இளக்கத் தொடங்கினாள். தோல் பாதி இளகியபோது வெளியே அரவம் இல்லை.

பாளம் நகரவில்லை. கத்தியால் வெட்டித் திறந்தாள். பிபலுக் அதில் நெற்றியை வைத்தபடியே உறைந்து போயிருந்தாள். முதுகுப் பையில் குழந்தை வெதுவெதுப்பாகத் தூங்கிக்கொண்டிருந்தது.

அண்ணன் திரும்பி வந்து எதுவும் கேட்கவில்லை. அதுதான் இவாலுவால் தாங்க முடியாமல் போனது. அவளே ஊரைக் கூட்டி நான்காவது கேள்வியைச் சொன்னாள். நரி வந்தால் தின்றுவிட்டுப் போகட்டும், இனி வாசலை அடைக்க வேண்டாம், யாரும் அங்கே வாய் திறக்கவும் வேண்டாம் என்றாள். ஊர் அப்படியே செய்தது. ஏமாற்ற அடைத்த வாசல் இல்லாமல் போன நரியும் பேச்சை மறந்தது.

அந்தப் புயலுக்குப் பிறகுதான் பனிக்கடல் ஓரத்தில் எவரும் கதவைத் தட்டுவதில்லை. நேராக உள்ளே வந்து விளக்கருகே உட்கார்ந்துகொள்கிறார்கள். ஏன் வந்தாய் என்று வீட்டுக்காரர்களும் கேட்பதில்லை.